பொம்மைக் கடைக்கு வந்த அழைப்பு

அன்புள்ள ஆசிரியருக்கு,

மகளோடு 'சார்லி அண்ட் தி சாக்லேட் ஃபேக்டரி' பார்த்தேன். ஒரே கட்டிலில் படுத்திருக்கும் நான்கு தாத்தா பாட்டிகளில் ஜார்ஜினா பாட்டி மட்டும் மனதைவிட்டுப் போகவில்லை. தேடிப் பார்த்தேன். அவர் பெயர் லிஸ் ஸ்மித், திரைக்கு வந்ததே ஐம்பது வயதை ஒட்டித்தான் என்று தெரிந்தது. எனக்கு 47. வங்கி வேலை, வார இறுதியில் நாடக ஒத்திகை. இதுவரை ஒரு நல்ல வேடம் அமையவில்லை. அவர் கதையை நான் ஒரு நம்பிக்கையாகப் பிடித்துக்கொள்ளலாமா?

எஸ்., மதுரை

அன்புள்ள எஸ்.,

பிடித்துக்கொள்ளுங்கள். ஆனால் 'ஐம்பதில் தொடங்கினார்' என்று அந்தக் கதையைச் சொல்வது எனக்கு வருத்தமாக இருக்கிறது. ஐம்பதில்தான் கேமரா அவரைத் தேடி வந்தது. அவர் அதற்கு எத்தனையோ வருடம் முன்பிருந்தே நடித்துக்கொண்டிருந்தார்.

லிஸ் 1921-இல் இங்கிலாந்தின் ஸ்கந்தார்ப் என்ற இரும்பாலை ஊரில் பிறந்தவர். இரண்டு வயதில் தாய் இறந்துவிட்டார், வளர்த்தது பாட்டி. பிற்பாடு கணவரைப் பிரிந்து இரண்டு பிள்ளைகளைத் தனியாளாக வளர்த்தார். பகலில் கிடைத்த வேலை. மற்ற நேரத்தில் லண்டனில் நாடக இயக்குநர் சார்லஸ் மரோவிட்ஸின் குழுவோடு, எழுதிவைத்த வசனம் இல்லாமல் அந்தந்த நொடியில் பேசி நடிக்கும் பயிற்சி. 1970 கிறிஸ்துமஸ் நெரிசலில் ரீஜன்ட் தெரு ஹாம்லீஸ் கடையில் பொம்மை விற்றுக்கொண்டிருந்தபோதுதான் மைக் லீ என்ற இளம் இயக்குநரிடமிருந்து அழைப்பு வந்தது. அவர் நடிகர்களோடு வாரக்கணக்கில் ஒத்திகை பார்த்து, அதிலிருந்தே பாத்திரத்தையும் பேச்சையும் உருவாக்குபவர். அப்படி நடிக்கத் தெரிந்த நடுவயதுப் பெண் அவருக்குத் தேவைப்பட்டார். லிஸ் அதற்குத் தயாராக இருந்தார். 'ப்ளீக் மொமென்ட்ஸ்' படத்தில் சிறிய அம்மா வேடம், அவ்வளவுதான்.

அடுத்து 1973-இல் பிபிசிக்காக அதே இயக்குநர் எடுத்த 'ஹார்ட் லேபர்'. இதை நீங்கள் அவசியம் பார்க்க வேண்டும். லிஸ்தான் மையம்: பிறர் வீட்டைத் துடைத்துவிட்டு வந்து தன் வீட்டையும் துடைக்கும் திருமதி தார்ன்லி. ஒரு காட்சியில் கணவனின் ரோமம் அடர்ந்த முதுகில் தைலம் தேய்க்கிறார். அந்தக் கைகளைப் பாருங்கள். பிரியமும் இல்லை, அருவருப்பும் இல்லை. காலையில் தரையைத் தேய்த்த அதே கைகள், அதே பழக்கம். கடைசியில் பாவமன்னிப்புக் கூண்டில், தனக்கு மனிதர்கள்மேல் போதிய அன்பு இல்லை என்று முணுமுணுக்கிறார். குரல் உயரவே இல்லை. எனக்குத் தொண்டை அடைத்தது.

இப்படி நடித்தவருக்குப் பிறகு பெரும்பாலும் வந்தவை அம்மா, பாட்டி, பக்கத்து வீட்டுக் கிழவி. நம் பேச்சில் 'துணை நடிகை' என்றால் கூட்டத்தில் நிற்பவர்; லிஸ்ஸைக் குணச்சித்திர நடிகை என்பதே சரி. 'எ பிரைவேட் ஃபங்ஷன்' (1984) படத்தில் நடிகை மேகி ஸ்மித்தின் அம்மாவாக வந்து பிரிட்டனின் திரைப்பட விருதான பாஃப்டா வாங்கினார். 'தி விகார் ஆஃப் டிப்லி' டிவி தொடரில் யாராலும் சாப்பிட முடியாத கேக்குகளைச் செய்யும் லெட்டீஷியா. எல்லாம் அருமை. ஆனால் முப்பதில், நாற்பதில் இந்த முகம் என்னவெல்லாம் செய்திருக்கும் என்று பார்க்க நமக்கு ஒரு அடி பிலிம்கூட இல்லை. அதை இழப்பென்றே சொல்வேன். தாமதத்தை அழகான கதையாக்கி உங்களுக்கு ஆறுதல் சொல்ல எனக்கு மனமில்லை. உங்களுக்கு வேடம் இப்போதே வர வேண்டும்.

அப்புறம், 'தி ராய்ல் ஃபேமிலி'. மான்செஸ்டர் வீடொன்றின் சோபாவையும் டிவியையும் விட்டு அதிகம் நகராத தொடர். லிஸ் அதில் நானா என்கிற பாட்டி. 2006-இல் வந்த சிறப்புப் பகுதியில் நானா படுத்த படுக்கையாகிவிட, வீட்டுக் கூடத்திலேயே கட்டில் போடுகிறார்கள். மகளாக வரும் சூ ஜான்ஸ்டன் அம்மாவின் தலைமுடியைச் சீவி ஒழுங்குசெய்கிறார். லிஸ்ஸுக்கு அப்போது 84 வயது. அந்தக் காட்சியில் அவர் செய்வதெல்லாம், சீவக் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருப்பதுதான். ஆனால் மகளின் விரல் படுகிற ஒவ்வொரு தரமும் முகத்தில் ஒரு சின்ன நிம்மதி வந்து போகிறது. அடுத்த சனிக்கிழமை ஒத்திகைக்கு முன்னால் அந்தக் காட்சியை ஒருமுறை பார்த்துவிட்டுப் போங்கள். என்ன வேடம் கொடுத்தார்கள் என்று எனக்கு எழுதுங்கள்.