வாசகர் கேள்வி பதில்: ஆற்றில் மீன் குஞ்சு விடலாமா?

கேள்வி: கோதையாற்றில் முன்பு மாதிரி மீன் இல்லை. இளைஞர் மன்றம் சார்பில் கட்லா, ரோகு குஞ்சு வாங்கி திற்பரப்புக்கு மேலே விடப் போகிறோம். எத்தனை விட்டால் போதும்?
– வாசகர், குலசேகரம்

பதில்: ஒன்றுகூட வேண்டாம். நல்ல மனசோடுதான் கேட்கிறீர்கள், ஆனால் கட்லாவும் ரோகுவும் கங்கைச் சமவெளியின் மீன்கள், குளத்துக்கு ஏற்றவை. பாறை மேல் பாய்ந்து வருகிற உங்கள் ஆற்றில் காலங்காலமாக இருக்கிற கெண்டைகளும், கல்லில் வாயை ஒட்டிக்கொண்டு பாசி சுரண்டித் தின்கிற விரல் நீள மீன்களும் இவற்றோடு இரைக்கு மல்லுக்கட்ட வேண்டிவரும். சரி, மலை மீனையே விடலாமே என்பீர்கள். அதிலும் வில்லங்கம் உண்டு. மகசீர் என்று ஒரு பெரிய ஆற்று மீன். அதில் முதுகு புடைத்த வகை காவிரியில் மட்டுமே இருந்தது. அந்த ஆற்றுக்குள், மகாராஷ்டிராவின் லோனாவாலா பண்ணையில் பொரித்த நீலத் துடுப்பு மகசீரைக் கொண்டுவந்து விட்டார்கள், அதுவும் மீனைக் காப்பாற்றுகிறோம் என்றுதான். வந்தது பெருகியது, இருந்தது ஒடுங்கியது. 2018-ல் அந்த முதுகு புடைத்த மகசீர், உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் (ஐயுசிஎன்) பட்டியலில் அழிவின் விளிம்பில் உள்ள இனமாகச் சேர்ந்துவிட்டது.

மீன் ஏன் குறைந்தது என்று முதலில் பாருங்கள். பல மலை மீன்கள் கூழாங்கல் இடுக்கில்தான் முட்டையிடும், மணலை அள்ளிக் கரையைச் சரித்தால் சேறு இறங்கி இடுக்கு மூடிவிடும், முட்டை மூச்சுமுட்டிச் சாகும். கரை மரத்தை வெட்டினால் நிழல் போய்த் தண்ணீர் சூடாகும். ரப்பர் ஷீட் அடிக்கிற இடத்து ஆசிட் தண்ணீரும் ஓடையில்தான் விழுகிறது என்றால் அதற்கு ஒரு குழி வெட்டச் சொல்லுங்கள். குஞ்சுக்கு வைத்த பணத்தில் நீர்மருது நடலாம். அப்புறம், வீட்டுத் தொட்டியில் பெருத்துப்போன சக்கர் மீனை யாரும் ஆற்றில் விடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். 1952-ல் இந்தியாவுக்கு வந்த ஜிலேபி மீனையே இன்னும் நம்மால் சமாளிக்க முடியவில்லை.

கேள்வி: அம்மா சின்னப் பிள்ளையாக இருந்தபோது ஆற்றில் விலாங்கு நிறையக் கிடைக்குமாம். இப்போது யாரும் பெரிதாகப் பிடிப்பதில்லை, ஆனாலும் கண்ணில் படவில்லையே?
– வாசகி, குழித்துறை

பதில்: விலாங்கு ஆற்றில் பல வருஷம் வளர்ந்து, முட்டையிட மட்டும் கடலுக்குப் போகும், திரும்பாது. கண்ணாடி மாதிரி இருக்கிற அதன் குஞ்சுகள்தான் கடலிலிருந்து கழிமுகம் வழியாக, உங்களுக்கு என்றால் தேங்காப்பட்டணம் வழியாக, ஆறேறி வர வேண்டும். மேலே போகும் வழியை 1906-ல் முடிந்த பேச்சிப்பாறை அணையே அடைத்துவிட்டது, கீழே நடுவில் எத்தனை தடுப்பணை என்று நீங்களே எண்ணிப் பாருங்கள். ஈரமான சொரசொரப்பான கல்லில் குஞ்சு நெளிந்து ஏறிவிடும், வழுவழு கான்கிரீட் செங்குத்தாக நின்றால் முடியாது. தடுப்பணையின் ஒரு ஓரத்தில் கல் பதித்த சரிவும் அதில் எப்போதும் கொஞ்சம் தண்ணீர்க் கசிவும் இருந்தால் பாதி வேலை முடிந்தது. அடுத்த தடுப்பணைப் பேச்சு வரும்போது கிராம சபையில் கேளுங்கள்.

கேள்வி: ராத்திரி தோட்டா போட்டும் பிளீச்சிங் பவுடர் கலக்கியும் மீன் பிடிக்கிறார்கள். யாரிடம் சொல்வது?
– வாசகர், பேச்சிப்பாறை

பதில்: வெடியும் விஷமும் 1897-ஆம் வருஷத்து மீன்வளச் சட்டத்திலேயே குற்றம். சரணாலய எல்லைக்குள் என்றால் வனத்துறை, வெளியே என்றால் போலீசும் மீன்வளத்துறையும். இடத்தைச் சரியாகச் சொல்லுங்கள். நீங்களே போய் மறிக்க வேண்டாம், கையில் தோட்டா வைத்திருப்பவனிடம் வாய்த்தகராறு எதற்கு?