பழைய ஹாலிவுட் படங்களில் உங்களுக்கு மிகவும் பிடித்த குணச்சித்திர நடிகர் யார்? ஏன்?

தெல்மா ரிட்டர். யோசிக்கவே வேண்டாம்.

ஹிட்ச்காக்கின் ‘ரியர் விண்டோ’வை (1954) முதல் தடவை பார்த்தபோது எல்லோரையும் போல நானும் கிரேஸ் கெல்லியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அடுத்த தடவை கண் தானாகவே நர்ஸ் ஸ்டெல்லாவாக வரும் ரிட்டரிடம் போய்விட்டது. காலில் மாவுக்கட்டோடு கிடக்கும் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டைக் குப்புறப் படுக்கவைத்து முதுகில் தைலம் தேய்க்கிறார். தேய்த்துக்கொண்டே, காதலி கிரேஸ் கெல்லியைக் கல்யாணம் பண்ணிக்கொள்ள உனக்கு என்ன கேடு என்கிற தோரணையில் திட்டித் தீர்க்கிறார். வாய் ஒரு பக்கம், கை ஒரு பக்கம், இரண்டும் நிற்பதில்லை. இன்னொரு நாள் காலைச் சாப்பாட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, மனைவியைக் கொன்றிருப்பான் என்று அவர்கள் சந்தேகப்படும் எதிர்வீட்டுக்காரன் அவளை எங்கே வைத்து வெட்டியிருப்பான் என்று யோசிக்கிறார். குளியல் தொட்டியில்தான், அங்கேதான் ரத்தத்தைக் கழுவிவிட முடியும் என்று சமையல் பக்குவம் சொல்வதுபோலச் சொல்கிறார். ஸ்டூவர்ட்டுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

இதுதான் ரிட்டர். அவர் நடித்த பெண்கள் பெரும்பாலும் ஏதாவது வேலை செய்துகொண்டே இருப்பார்கள். வேலை செய்கிறவளை யாரும் கவனிப்பதில்லை, அவளோ எல்லோரையும் கவனித்துவிடுவாள். ‘ஆல் அபௌட் ஈவ்’ (1950) படத்தில் நடிகைக்கு உடை உடுத்திவிடும் பேர்டியாக வருகிறார். நடிகையின் ரசிகையாக வந்து ஒட்டிக்கொள்ளும் ஈவ் சொல்லும் சோகக் கதையில் எல்லோரும் உருகிக் கிடக்க, அந்தப் பெண்ணை முதலில் சந்தேகப்படுகிறவள் பேர்டிதான். படத்தின் பின்பாதியில் பேர்டி காணாமலே போய்விடுகிறாள். எனக்கு அந்தப் படத்தில் உள்ள ஒரே வருத்தம் அது.

1902-ல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தவர். அந்த ஊர்ப் பேச்சு வாடை அவரைவிட்டுக் கடைசிவரை போகவில்லை. முறையாக நடிப்புப் படித்து மேடை ஏறியவர், அப்புறம் கல்யாணம், குழந்தைகள், வானொலி நாடகங்கள் என்று வருடங்கள் ஓடிவிட்டன. சினிமாவில் முகம் காட்டியபோது வயது 45. ‘மிராக்கிள் ஆன் தர்ட்டிஃபோர்த் ஸ்ட்ரீட்’ (1947) படத்தில், மகன் கேட்ட பொம்மைத் தீயணைப்பு வண்டியைத் தேடி ஊரெல்லாம் அலைந்து கால் கடுத்துப்போன ஒரு அம்மா. கடையில் உட்கார்ந்திருக்கும் கிறிஸ்துமஸ் தாத்தாவே அது வேறொரு கடையில் கிடைக்கும் என்று சொல்ல, நம்ப முடியாமல் விழிக்கிறார். சில நிமிட வேடம்தான், டைட்டிலில் பெயர்கூட இல்லை. ஆனால் அந்த முகம் மறக்காது.

அதன்பின் துணை நடிகைக்கான ஆஸ்கருக்கு ஆறு முறை பரிந்துரை, அதில் நான்கு அடுத்தடுத்த வருடங்களில். ஒருமுறைகூடக் கொடுக்கவில்லை. 1951-ல் வந்த ‘தி மேட்டிங் சீசன்’ படத்தில் மருமகள் ஆள் தெரியாமல் சமையல்காரி என்று நினைத்துவிட, அப்படியே அந்த வீட்டில் வேலைக்குச் சேர்ந்துவிடும் மாமியாராக வருகிறார். கதையே அவர் தோளில்தான் நிற்கிறது, ஆனாலும் கணக்கில் அது துணை வேடம்! மேடைதான் அவருக்கு நியாயம் செய்தது: 1958-ல் ‘நியூ கேர்ள் இன் டவுன்’ இசை நாடகத்துக்காக டோனி விருது.

சரி, ஒரே ஒரு படம்தான் பார்க்க நேரம் இருக்கிறது என்றால் சாமுவேல் ஃபுல்லரின் ‘பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்’ (1953) பாருங்கள். கதை இனி வருகிறது, தெரிய வேண்டாம் என்பவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம்.

மோ என்ற கிழவி. தெருவில் டை விற்பாள்; கூடவே பிக்பாக்கெட்காரர்களைப் பற்றிப் போலீஸுக்குத் துப்பும் விற்பாள். அதற்கு விலை பேசுவதைப் பார்க்க வேண்டும், விலைவாசி ஏறினால் துப்பின் விலையும் ஏறும். சேர்க்கும் காசெல்லாம் ஒன்றுக்குத்தான்: செத்தால் அநாதைப் பிணமாகப் புதைத்துவிடக்கூடாது, சொந்தமாக ஒரு கல்லறை வேண்டும். திருடன் ஸ்கிப்பின் (ரிச்சர்ட் விட்மார்க்) இருப்பிடத்தையே அவள் விற்கிறாள். அவனும் கோபப்படுவதில்லை, அவளும் சாப்பிட வேண்டுமே என்கிறான்.

பிறகு ஒரு ராத்திரி, ஸ்கிப்பைத் தேடும் உளவாளி துப்பாக்கியோடு அவள் அறைக்கு வந்து அதே விலாசத்தைக் கேட்கிறான். இந்த முறை அவள் விற்பதாக இல்லை. இசைத்தட்டு பாடிக்கொண்டிருக்கிறது. ரிட்டர் அழவில்லை, கெஞ்சவில்லை. நாளெல்லாம் நடந்து களைத்துப்போன உடம்பின் அலுப்பு மட்டும் குரலில் இருக்கிறது. என்னைச் சுட்டால் எனக்கு உபகாரம்தான் என்கிற அளவுக்கு அலுப்பு. கேமரா அவரை விட்டு விலகி இசைத்தட்டின் பக்கம் போகிறது. சத்தம் மட்டும்தான் கேட்கிறது. எத்தனை தடவை பார்த்தாலும் அந்த இடத்தில் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

மோவுக்காகவும் ரிட்டர் பரிந்துரைக்கப்பட்டார்; அந்த வருட ஆஸ்கர் நடிகை டோனா ரீடுக்குப் போனது. ரிட்டர் 1969 பிப்ரவரியில் இறந்தார்.

படத்தில் மோவின் சவப்பெட்டி மற்ற அநாதைப் பெட்டிகளோடு படகில் ஏறுகிறது. ஸ்கிப் வந்து அதை இறக்கிக்கொண்டு போகிறான், தானே அடக்கம் செய்ய.