புதுச்சேரியில் மந்திர எழுத்துகளைக் காக்கும் ஏட்டெழுத்தர் குழு: கதையில் அவர்கள் எப்படி எழுதுவார்கள்?

மந்திரத்தை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள். ஓலை வேலையை மட்டும் சொல்கிறேன்.

முதலில், மை தொட்டு எழுத வைக்காதீர்கள். ஈர்க்கு நீக்கிய ஓலையை நிழலில் உலர்த்தி, வேகவைத்து, மறுபடி உலர்த்தி, சங்கால் தேய்த்து வழவழப்பாக்குவார்கள். அப்புறம் எழுத்தாணியால் கீறல். ஆணி இடது கட்டைவிரல் நகத்தில் வெட்டிய பள்ளத்தில் நிற்கும், நகர்வது ஓலைதான். கீறியது சட்டென்று கண்ணில் படாது. விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்தால்தான் எழுத்து எழும். ரகசியக் குழுவுக்கு இதைவிட என்ன வேண்டும்!

பிழை நுழையும் இடம் புள்ளி. ஓலை பொத்துப்போகும் என்று பெரும்பாலும் புள்ளி வைப்பதில்லை. குறிலைக் காட்டும் புள்ளி இல்லாததால் எகர ஏகாரம் ஒன்றுபோல இருக்கும். துணைக்காலும் (ா) ரகரமும் அப்படியே. 'எரி' என்ற ஆணையை 'ஏரி' என்று படித்தால் தீ வராது, புதுச்சேரியின் ஊசுடேரிதான் வீட்டுக்குள் வரும். ஆகவே உங்கள் குழு காக்க வேண்டியது ஏட்டை மட்டுமல்ல, வாய்வழி வரும் பாடத்தையும்.

கட்டும்போது ஒரு துளையில் நாராசம் என்ற குச்சி, மற்றதில் கயிறு, மேலும் கீழும் மரச்சட்டம். பூச்சிக்குப் புல்தைலம். அதை அதிகம் பூசினால் தூசி ஒட்டும்.

நிஜ ஏடுகளுக்கு, புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம். அங்குள்ள சைவச் சுவடிகள் 2005இல் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டில் ஏறின; பெரும்பாலும் கிரந்த எழுத்து.