ஏழாம் தீவின் விளக்கு – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

உங்கள் 'நாழிகைத் தீவுகள்' குறுநாவலை மேலூர்–மதுரை பஸ்ஸில் போகவர இரண்டே நாளில் படித்து முடித்தேன். பள்ளியில் இயற்பியல் நடத்துகிறவன் என்பதால் சில கேள்விகள் உறுத்துகின்றன.

கரையிலிருந்து தள்ளிப் போகப் போக ஒவ்வொரு தீவிலும் நாளுக்கு ஒரு நாழிகை குறைகிறது. கரையில் 60 நாழிகை, அதாவது ஒரு முழு நாள் (ஒரு நாழிகை 24 நிமிடம்) கழிந்தால் ஏழாம் தீவில் 53தான் கழிந்திருக்கும். சரி. ஆனால் சூரியன் எல்லோருக்கும் பொது. ஏழாம் தீவில் 'முப்பது நாழிகை கழிந்து பொழுது சாய்ந்தது' என்று எப்படி வரும்? அங்கிருந்து பார்த்தால் கரையின் துறைமுக விளக்கு மஞ்சளாகத் தெரியவும் வழியில்லை. இத்தனைக்கும் காரணம் என்ன என்பதை ஓரிடத்திலும் நீங்கள் சொல்லவில்லை. கடைசியாக, 24 வருஷம் கழித்து ஏழாம் தீவிலிருந்து அண்ணன் திரும்பி வரும்போது தம்பிதான் மூத்தவன் ஆகிவிட்டான். பிறகும் அவன் 'அண்ணே' என்று கூப்பிடுவது கணக்குக்கு ஒத்து வரவில்லையே? கடலே இல்லாத மதுரையில் இருந்துகொண்டு உங்களுக்குத் தீவுகள் எப்படித் தோன்றின என்பதையும் எழுதுங்கள்.

மேலூரிலிருந்து ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

சூரியன் விஷயத்தில் தவறு என்னுடையது. ஏழாம் தீவுக்காரனின் நாழிகை வட்டில் (நாழிகைக்கு ஒரு முறை நீரில் மூழ்கும் துளையிட்ட கிண்ணம்) 53 முறை மூழ்குவதற்குள் சூரியன் ஒரு சுற்றுப் போய்விடும். அவனுக்கு ஒரு நாள் என்பது நம் கணக்கில் 21 மணி 12 நிமிடம்தான். பகல் இருபத்தாறரை நாழிகையில் முடிந்துவிடும். உடம்பு கேட்கிற தூக்கம் தீருமுன்பே விடிந்துவிடும் அந்த ஊரில், உச்சிவெயிலில் கடையைச் சாத்திவிட்டு எல்லோரும் படுப்பது வழக்கமாகியிருக்க வேண்டும். அந்தத் தெருவை நான் எழுதாமல் விட்டுவிட்டேன். அடுத்த பதிப்பில் எழுதுவேன்.

விளக்கைப் பற்றி நீங்கள் சொன்னதைப் படித்துவிட்டு அன்றிரவு வெகுநேரம் தாளும் பேனாவுமாக இருந்தேன். சோடியம் விளக்கின் மஞ்சளுக்கு அலைநீளம் 589 நானோமீட்டர். மெதுவாக ஓடும் காலத்திலிருந்து பார்க்கிறவனுக்கு அதே ஒளியின் அலைகள் நெருங்கி வரும். 589ஐ 53ஆல் பெருக்கி 60ஆல் வகுத்தால் 520, நல்ல பச்சை. கரையில் நின்று ஏழாம் தீவின் விளக்கைப் பார்க்கிற தம்பிக்கோ அது 667, அதாவது சிவப்பு. இரண்டு கரையிலும் ஒரே மாதிரி விளக்கு. அண்ணன் பார்ப்பது பச்சை, தம்பி பார்ப்பது சிவப்பு. இதைக் கண்டுபிடிக்காமல் ஒரு கதையை எழுதி முடித்திருக்கிறேன் என்பதில் எனக்கு உண்மையாகவே வருத்தம். கண்டுபிடித்துக் கொடுத்தீர்கள், நன்றி.

காரணத்தை எழுதாதது தெரிந்தே செய்தது. தலைக்கு மேல் சுற்றும் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரம் நம்முடையதைவிட நாளுக்கு 38 மைக்ரோ விநாடி முந்தி ஓடுகிறது. ஈர்ப்பும் வேகமும் சேர்ந்து செய்கிற வேலை அது. நாளுக்கு ஏழு நாழிகை பின்தங்க வேண்டுமானால் ஈர்ப்பு மிகக் கடுமையான நியூட்ரான் விண்மீனின் அருகில்தான் குடியிருக்க வேண்டும். அங்கே தீவும் நிற்காது, தென்னையும் நிற்காது. பொய்யான ஒரு காரணத்தை ஒட்டவைப்பதைவிட, 'அங்கே அப்படித்தான்' என்று படகோட்டியைச் சொல்லவிடுவது நேர்மை என்று நினைத்தேன். இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன்.

தீவுகள் எனக்கு மொட்டை மாடியில் கிடைத்தவை. பழைய பெயிண்ட் வாளியில் மணலை நிரப்பி, ஒரு கழியை நேராக நட்டு, நிழலின் நுனியில் சுண்ணாம்புப் புள்ளி வைத்துக்கொண்டே வருவேன். நிழல் மிகக் குட்டையாகும் நேரம் சராசரியாக 12 மணி 18 நிமிடத்தை ஒட்டி வரும். பிப்ரவரி நடுவில் 12:31 வரை இழுக்கும், நவம்பர் தொடக்கத்தில் 12ஐத் தொட்டுவிடும். சித்திரை பிறந்த சில நாளில் கழியின் நிழல் அதன் காலடிக்குள்ளேயே ஒடுங்கிவிடும். நம் கடிகாரம் காட்டுவது 82.5 பாகைக் கிழக்குத் தீர்க்கரேகையின் நேரத்தை. மதுரை இருப்பதோ 78 பாகையைச் சற்றுத் தாண்டி. ஒரு பாகைக்கு நான்கு நிமிடம். 1906 ஜனவரி 1 முதல் வந்த ஏற்பாடு இது. ராமேஸ்வரத்தில் நமக்கு ஐந்து நிமிடம் முன்பே உச்சிப்பொழுது வந்துவிடுகிறது. தரைவழியில் அந்த ஐந்து நிமிடம் மானாமதுரை, பரமக்குடி என்று ஊர் ஊராகக் கரைந்துவிடும், யாரும் உணர மாட்டார்கள். நடுவில் தண்ணீரை வைத்தால்தான் கண்ணில் படும். அதனால்தான் தீவு.

நிஜத் தீவுகளையும் யோசித்துப் பார்த்தேன். பசிபிக் கடலில் உள்ள சமோவாவில் தேதிக்கோட்டை (நாள் மாறும் கற்பனைக் கோடு) மாற்றியபோது 2011 டிசம்பர் 30 என்ற வெள்ளிக்கிழமையே வரவில்லை; வியாழன் இரவு முடிந்ததும் சனி. ஆனால் அதனால் ஒருவருக்கும் ஒரு முடிகூட நரைக்காமல் இருக்கவில்லை. மாறியது நாள்காட்டி மட்டும். எனக்கு உடம்பு மாற வேண்டியிருந்தது.

அண்ணன் தம்பி விஷயத்தில் மட்டும் நான் இறங்கி வர மாட்டேன். கணக்கு எனக்கும் தெரியும். இரண்டு வயது வித்தியாசம் 17 வருஷம் தாண்டிச் சில வாரங்களில் சமனாகிவிடும். 24 வருஷத்தில் தம்பி ஏறக்குறைய பத்து மாதம் மூத்தவன்.

என் அப்பா உசிலம்பட்டிப் பக்கம் மானாவாரிக் காட்டில் உழன்றவர். ஐம்பது வயதுக்குள் தலை முழுக்க வெளுத்து, முதுகு வளைந்துவிட்டது. அவருக்கு இரண்டு வயது மூத்த பெரியப்பா கடல் கடந்து போய், நிழலில் உட்கார்ந்து கணக்கு எழுதியவர். வெகுகாலம் கழித்து அவர் திரும்பி வந்த அன்று நானும் அப்பாவோடு மதுரை ரயில் நிலையத்துக்குப் போயிருந்தேன். எதிர்ப்புற டீக்கடையில் மூன்று பேரும் நின்றோம். பெரியப்பா கறுத்த தலையும் நிமிர்ந்த நடையுமாக இருந்தார். கடைக்காரர் அப்பாவைப் பார்த்து, "என்ன பெரியவரே, தம்பி ஊர்லருந்து வர்றாரா?" என்றார்.

"தம்பி இல்லப்பா, எங்கண்ணன்" என்றார் அப்பா. அப்போதுதான் கவனித்தேன். வண்டியை விட்டுப் பெரியப்பா இறங்கியதிலிருந்தே, எப்போதும் முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டியிருக்கும் அப்பாவின் வேட்டி கணுக்கால் வரை இறங்கியிருந்தது. அப்பாவிடம் முதல் டம்ளரை நீட்டியிருந்த கடைக்காரரின் கை, அப்படியே பெரியப்பா பக்கம் திரும்பியது.