60% ஊனம்னா 60% நஷ்டம்தானா?

அண்ணே, 60% ஊனம்னா வருமான இழப்பும் 60%தான்னு அந்த இன்சூரன்ஸ் வக்கீல் சொல்றத அப்படியே நம்பாதீங்க. மெடிக்கல் போர்டு 60% போட்டது உடம்புக்கு, உங்க தம்பி லோடு ஆட்டோ ஓட்டி பொழைக்கிறவர், விபத்தால வலது கால எடுத்தப்புறம் அந்த வேலையே போச்சு, அப்போ வருமான இழப்பு 100%னே கேக்கலாம், 2010 ராஜ்குமார் வழக்குல சுப்ரீம் கோர்ட் இததான் சொல்லுச்சு.

கணக்கு பாருங்க: மாசம் 15,000, வயசு 34, சொந்தத் தொழில்ங்கறதால எதிர்கால உயர்வு 40% சேத்தா 21,000, அத 12ஆலயும் மல்டிப்ளையர் (வயச வச்சு கோர்ட் எடுக்கற பெருக்கு எண்) 16ஆலயும் பெருக்கினா 40,32,000. அவங்க 60% கணக்குல 24,19,200தான் வரும். செயற்கைக்கால், ஆஸ்பத்திரி செலவு, வலி வேதனைக்கெல்லாம் தனியா கேளுங்க. லோக் அதாலத்துல (சமரசம் பேசி முடிக்கற மக்கள் நீதிமன்றம்) அவசரப்பட்டு கையெழுத்து போட்டுட்டா அப்பீல் கிடையாது. தம்பியால இனி அந்த வேலை பாக்க முடியாதுன்னு காட்ட, டாக்டர சாட்சியா விசாரிச்சாச்சா?