இரண்டாவது படம்

அன்புள்ள ஐயா,

சிறு பட்ஜெட்டில் பேய்ப்படம் எடுக்க ஆசை. தயாரிப்பாளர் யாரும் அமையவில்லை. அப்பாவின் நிலத்தை அடமானம் வைத்து நானே எடுத்துவிடலாமா? பேய்ப்படம் எடுத்தால் கடைசிவரை அதே முத்திரைதான் என்கிறார்கள் நண்பர்கள். அமெரிக்காவில் மலிவுப் படங்கள் எடுத்த ரோஜர் கார்மன் இப்படித்தானே ஜெயித்தார்? திரைக்கதையை அனுப்பியிருக்கிறேன்.

க., மேலூர்

அன்புள்ள க.,

நிலத்தில் கை வைக்காதீர்கள்.

முத்திரை விழுந்தால் விழட்டும். ‘ஜெகன்மோகினி’யில் பேய் விறகுக்குப் பதில் தன் காலை அடுப்புக்குள் நீட்டும். இயக்குநர் விட்டலாச்சார்யாவின் அந்தக் காட்சியை மதுரைப் பக்கத்துப் பெரியவர்கள் இன்றும் கண்கள் விரியச் சொல்வார்கள்.

கார்மன் என்றதும் 1960இல் இரண்டே நாளில் எடுத்த ‘லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்’ படத்தைத்தான் எல்லோரும் சொல்வார்கள். நீங்கள் பார்க்க வேண்டியது 1962இல் வந்த ‘தி இன்ட்ரூடர்’. வெள்ளையர் பள்ளியில் கறுப்பினப் பிள்ளைகளைச் சேர்ப்பதற்கு எதிராக ஊரைத் தூண்டிவிடும் ஒருவனின் கதை. கார்மனும் தம்பி ஜீனும் கைக்காசைப் போட்டார்கள். வெளியானபோது போட்டது திரும்பவில்லை. ஆனாலும் கார்மன் அடுத்தடுத்துப் படம் எடுத்தார். அதுவரை எடுத்த மலிவுப் படங்கள் வசூலித்துக் கொடுத்திருந்தன. மனசுக்குப் பிடித்த ஒரு படத்தில் தோற்க அவருக்குத் தெம்பு இருந்தது. முதல் படத்திலேயே நிலம் போனால் உங்களுக்கு அது இருக்காது. இரண்டாவது படத்தை எடுக்கவிடாத கடன் எதையும் முதல் படத்துக்கு வாங்காதீர்கள்.

சரி, திரைக்கதைக்கு வருவோம். ஏகப்பட்ட இடங்கள், கொட்டும் மழை, கடைசியில் கிராபிக்ஸ். மழை என்றால் தண்ணீர் லாரி, மாற்றுடை, ஜெனரேட்டர், டீசல், ராத்திரி பேட்டா. அத்தனை செலவுக்கும் அந்த மழையில் பயம் வரவில்லை. நான் பயந்தது, ராத்திரியில் ஆடுகளை வயலில் அடைத்து வைக்கும் கிடைக் காட்சியில்தான். மந்தையை மேய்க்கும் கீதாரி ராத்திரியில் ஆடுகளை எண்ணுகிறார். ஒன்று கூடுதலாக இருக்கிறது. திரும்ப எண்ணுகிறார், அப்போதும் கூடுதல். எந்த ஆடு என்று தெரியாமல் விடியும்வரை கம்பை ஊன்றிக்கொண்டு நிற்கிறார். அருமையான காட்சி தம்பி! படிக்கும்போதே உடம்பு சிலிர்த்தது. மொத்தப் படத்தையும் அந்த ஒரு வயலில், ஒரே ராத்திரியில் நடப்பதாக மாற்றி எழுதுங்கள். மிச்சமாகும் பணத்தில் நல்ல ஒலிப்பதிவாளரைப் பிடியுங்கள். இருட்டில் மணிச்சத்தம் நெருங்கி வந்தாலே போதும், கிராபிக்ஸ் வேண்டாம்.

அறுவடை முடிந்து கிடை போடும் சமயத்தில் படப்பிடிப்பை வையுங்கள். ஆடுகள் நடிப்பதால் விலங்குகள் நல வாரியத்தில் முன்கூட்டியே அனுமதி வாங்கிவிடுங்கள். தணிக்கைக்குப் போகும்போது அந்தச் சான்றிதழைக் கேட்பார்கள்.