பழைய சிங்க்கை நீங்களே கழற்றலாம், கல்லும் தரையும் பத்திரம்

கேள்வி: கானாடுகாத்தானில் எங்கள் பூர்வீக வீட்டு அடுப்படியில், கடப்பாக் கல் மேடையில் பதித்த எவர்சில்வர் சிங்க் ஒன்று இருக்கிறது. அப்பா காலத்தில் வைத்தது. ஓரமெல்லாம் ஒழுகுகிறது. தரை ஆத்தங்குடிக் கல். ஆளைக் கூப்பிடாமல் நானே கழற்ற முடியுமா?

முடியும். சிங்க் போனால் போகட்டும், எப்படியும் பழைய இரும்புக் கடைக்குத்தான். மேடைக் கல்லும் தரையும்தான் திரும்பக் கிடைக்காதவை. அதனால் முதலில் தரையைப் பாருங்கள்.

ஆத்தங்குடிக் கல் சூளையில் சுட்டது கிடையாது. கண்ணாடி மேல் வண்ணக் கலவையை ஊற்றி, அதன்மேல் மணலும் சிமெண்டும் போட்டு, தண்ணீரில் ஊறவைத்து எடுப்பது. சுத்தியல் விழுந்தால் முனை தெறிக்கும். ஆசிட் பட்டால் மேல்பூச்சு அரித்து வண்ணமே போய்விடும். அடைப்பு எடுக்க, கறை போக்க என்று யார் ஆசிட் பாட்டிலை நீட்டினாலும் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். வேலை நடக்கும் இடத்தில் சாக்கை இரண்டாக மடித்துப் போட்டு, மேலே ஒரு பலகையைப் போடுங்கள்.

அடுத்து தண்ணீர். வால்வை அடைத்தபின் குழாயைத் திறந்து பாருங்கள். பழைய கேட் வால்வு பல வீடுகளில் முழுசாக மூடாது. சொட்டிக்கொண்டே இருந்தால் மாடித் தொட்டியிலேயே அடைத்துவிடுங்கள். குழாய் சுவரிலிருந்து வருகிறது என்றால் அதில் கைவைக்கவே வேண்டாம், சிங்க் வெளியே வர அது தடையில்லை. துருவேறிய ஜி.ஐ. பைப்பில் (பழைய இரும்புக் குழாய்) ரெஞ்சு போட்டு முறுக்கினால் சுவருக்குள்ளேயே முறியும், அப்புறம் சுண்ணாம்புச் சுவரை உடைக்க வேண்டிவரும். குழாய் சிங்க்கிலேயே பொருத்தியிருந்தால், கீழே இருக்கும் கனெக்‌ஷன் ஹோஸைக் கழற்றினால் போதும்.

வேஸ்ட் பைப்புக்குக் கீழே ஒரு வாளி வையுங்கள். தேங்கிய அழுக்குத் தண்ணீர் கட்டாயம் கொட்டும். சிங்க்குக்கு அடியில் இருக்கும் பெரிய நட்டை, கீழிருந்து மேலே பார்த்தபடி, இடப்பக்கமாகத் திருகுங்கள். உப்புப் படிந்து இறுகியிருந்தால் கொஞ்சம் மண்ணெண்ணெய் விட்டு ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். அதற்கும் மசியவில்லையா? ஆக்ஸா பிளேடால் அறுத்துவிடுங்கள். தூக்கிப்போடப் போகும் நட்டோடு மல்லுக்கட்ட வேண்டியதில்லை.

இப்போது நிதானம் தேவைப்படும் கட்டம். சிங்க்கின் விளிம்பு கல்லின் மேல் உட்கார்ந்திருக்கிறதா, கல்லுக்கு அடியில் ஒட்டியிருக்கிறதா என்று பாருங்கள். மேலே என்றால், ஒயிட் சிமெண்டையோ சிலிக்கானையோ பட்டி பிளேடால் சுற்றிலும் கொஞ்சம் கொஞ்சமாகக் கீறி எடுங்கள். அடியில் என்றால், கீறுவதற்கு முன்பே செங்கலும் மரக்கட்டையும் அடுக்கி சிங்க்குக்கு முட்டுக் கொடுங்கள். இல்லாவிட்டால் பிடி விட்டதும் மொத்தமாகத் தரையில் இறங்கும்.

உளியும் சுத்தியலும் கூடவே கூடாது. கடப்பாக் கல் அடுக்கடுக்காகப் பிரியும் கல். அதிலும் சிங்க்குக்காக வெட்டிய துவாரத்துக்கு முன்னும் பின்னும் மிஞ்சியிருக்கும் குறுகிய பட்டை மிகவும் பலவீனமானது. கம்பியை விட்டு அந்தப் பட்டைமேல் ஊன்றி நெம்பினால் விரிசல் நிச்சயம். மேல்பதிப்பு சிங்க் என்றால் ஒருவர் கீழிருந்து உள்ளங்கையால் தள்ள, இன்னொருவர் மேலிருந்து தூக்கட்டும். அசையவில்லை என்றால் எங்கோ சிமெண்ட் இன்னும் பிடித்திருக்கிறது என்று அர்த்தம், மறுபடி கீறுங்கள். கையுறை போட்டுக்கொள்ளுங்கள், பழைய தகட்டின் ஓரம் கத்தி மாதிரி வெட்டும்.

சிங்க் வந்ததும் கழிவுக் குழாயின் வாயைத் துணியால் அடைத்துவிடுங்கள், நாற்றமும் கரப்பானும் ஏறிவராது. சுவரோரம் பூச்சு பெயர்ந்திருந்தால் சிமெண்ட் பூசாதீர்கள். சிமெண்ட் ஈரத்தை வெளியே விடாது, அந்த ஈரம் பக்கத்தில் இருக்கும் பழைய சுண்ணாம்புப் பூச்சையும் உப்பவைத்து உதிர்க்கும். சுண்ணாம்புக் கலவையே பூசுங்கள், முழுசாகக் காய விடுங்கள்.

புது சிங்க் வாங்கப் போகும்போது பழைய சிங்க்கின் அளவை மட்டும் கொண்டுபோகாதீர்கள். கல்லில் இருக்கும் துவாரத்தின் நீளம், அகலம், அடியில் கழிவுக் குழாய் எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்பது, மூன்றையும் எழுதிக்கொள்ளுங்கள். ஆழமான சிங்க் வாங்கினால் அதன் அடித் துவாரம் கழிவுக் குழாயைவிடத் தாழ்ந்துபோகலாம், அப்போது தண்ணீர் இறங்காது. துவாரத்தைப் பெரிதாக்க வேண்டியிருந்தால் மட்டும் கல் அறுக்கும் ஆளைக் கூப்பிடுங்கள்.